பதினோராம் மாடியின் தளபதி

எங்கள் கட்டடத்தின் அடித்தளத்தில் உடுப்புத் தோய்க்கும் அறை ஒன்று இருந்தது. அத்தனை வீடுகளுக்கும் சேர்த்து நாலைந்து இயந்திரங்கள்தான். அதிலும் ஒன்று எப்போதும் சுகமில்லாமல் கிடக்கும். சனிக்கிழமை காலையில் அங்கே போவது திருவிழாவுக்குப் போவது மாதிரி. இடம் பிடித்தவர் கெட்டிக்காரர். அப்படியொரு சனிக்கிழமைதான் எதிர்வீட்டு அன்ரியை முதலில் கண்டேன்.

அவர் மேலே போய்த் தேநீர் குடித்துவிட்டு வருவதற்குள் யாரோ அவருடைய ஈரச் சேலைகளை இயந்திரத்திலிருந்து இழுத்து மேசையில் குவித்துவிட்டுத் தன்னுடைய உடுப்பைப் போட்டிருந்தார். அன்ரி கட்டையான உருவம். சேலைக்கு மேல் ஆண்கள் போடும் ஸ்வெற்றர், காலில் பனிச் சப்பாத்து, நெற்றியில் பெரிய குங்குமப் பொட்டு. குவியலைப் பார்த்தார். இடுப்பில் கை வைத்தார். பிறகு அறை முழுவதற்கும் கேட்கும்படி ஆங்கிலத்தில் முழங்கினார்.

“என் கூடாரத்தைக் கலைத்தவன் எவன்? அவனுக்கு நெஞ்சுரம் இருந்தால் என் முன்னே வரட்டும்!”

அவருடைய ஆங்கிலத்தை அப்படியே எழுதினால் உங்களுக்கு அதன் சுவை வராது. அதனால் அவர் ஆங்கிலத்தில் சொன்னதையெல்லாம் அதற்கு ஈடான தமிழில் தருகிறேன். என் சரக்கு எதையும் அதில் கலக்கவில்லை. கலக்கத் தேவையும் இல்லை.

மூலையில் காதில் பாட்டு மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்த ஒரு ஜமேக்கா இளைஞன் எழுந்து வந்தான். கதவு நிலையில் தலை இடிக்கும் உயரம். மன்னிப்புக் கேட்டுக்கொண்டே தன் உடுப்பைச் சவர்க்கார நுரையோடு வெளியே அள்ளினான். கீழே விழுந்த காலுறையை எடுக்கக் குனிந்தான். அவன் தன் காலில் விழுவதாக அன்ரி எடுத்துக்கொண்டார்.

“எழுந்திரு. உன் உயிரை உனக்கே தந்தேன்,” என்றார்.

அப்புறம் என் பக்கம் திரும்பி என் வயிற்றைப் பார்த்தார். குரல் அடியோடு மாறிவிட்டது. “நீர் எங்கட ஆளெல்லே? எத்தினை மாசம்? உந்தக் கூடையை முதல்ல கீழ வையும். உப்பிடிப் பாரம் தூக்கிறதே?” என்று சொல்லி, நான் பதில் சொல்வதற்குள் கூடையைப் பறித்துக்கொண்டார். இரண்டு குரலும் ஒரே தொண்டையிலிருந்துதான் வந்தன என்று நம்பக் கொஞ்சம் கஷ்டமாக இருந்தது.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. கனடாவில், ஸ்காபரோவின் வோபர்ன் பக்கம் உயரமான பழைய கட்டடம் ஒன்றின் பதினோராம் மாடியில் நாங்கள் குடியிருந்தோம். கணவருக்குத் தொழிற்சாலையில் வேலை, சனிக்கிழமைகளிலும் போவார். எனக்குத் தலைப்பிரசவம். எங்கள் ஊர் வழக்கப்படி அதற்குத் தாய்வீட்டுக்குப் போய்விட வேண்டும். மிச்சமெல்லாம் அம்மா பார்த்துக்கொள்வார். என் அம்மாவோ யாழ்ப்பாணத்தில். தொலைபேசி இல்லை, கடிதம் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. பிரசவ அறைக்குள் தனியாகப் போகப்போகிறேன் என்ற பயம் சாப்பிடும்போதும் குளிக்கும்போதும் கூடவே இருந்தது. அதை நான் யாரிடமும் சொல்லவில்லை. அன்ரி மட்டும் சொல்லாமலே கண்டுபிடித்தார்.

“அம்மா அங்கையோ?” என்று ஒரு நாள் கேட்டார்.

“ஓம் அன்ரி.”

“சரி, அழாத. அழுதா வயித்துப் பிள்ளை மூக்குச் சளியோட பிறக்கும்,” என்றார். அப்படி ஒரு நம்பிக்கை எங்கேயும் கிடையாது. அந்த இடத்திலேயே உண்டாக்கினார்.

அவர் வீடு எங்கள் வீட்டுக்கு நேர் எதிர்க் கதவு. அன்ரியும் அங்கிளும் மட்டும்தான். ஒரே மகன் மொன்றியலில் வேலை பார்த்தான். அவன்தான் இருவரையும் அழைத்தவன். அங்கிள் ஊரில் கச்சேரியில், அதாவது அரசாங்க அலுவலகத்தில், கிளாக்கராக இருந்தவர். அவருக்கு ஆங்கிலம் எழுதவும் தெரியும், பேசவும் தெரியும், வீட்டில் வாய் திறக்கத்தான் சந்தர்ப்பம் கிடைப்பதில்லை. விமான நிலையத்தில் அவருக்குக் கிடைத்த ஒரே சந்தர்ப்பம் பெரிய வினையாகிவிட்டது.

அந்தக் கதையை அன்ரி எனக்குப் பல தடவை சொல்லியிருக்கிறார். விமானத்தில் வரும்போது அங்கிள் அவருக்குச் சின்னச் சின்ன ஆங்கில வசனங்கள் சொல்லிக் கொடுத்தாராம். என் பெயர் இது, நான் இங்கிருந்து வருகிறேன், நன்றி, தயவுசெய்து. அன்ரி எல்லாவற்றையும் நன்றாகப் பிடித்துக்கொண்டார். அதிகாரி முன்னால் போய் நின்றதும் ஒன்றும் வரவில்லை. பெயர்கூட வரவில்லை. கேள்விக்கெல்லாம் அங்கிளே பதில் சொன்னார்.

“என்ர பேரை அவர் சொன்னார். என்ர ஊரை அவர் சொன்னார். வயசையும் அவரே சொன்னார். அதிலயும் ரெண்டு வயசு கூட்டிச் சொல்லிப்போட்டார், பிள்ளை! நான் மரம் மாதிரி நிண்டனான். அண்டைக்கு முடிவெடுத்தன், இந்த நாட்டில இனி எனக்காக வேற ஆரும் கதைக்கக் கூடாது எண்டு.”

புதிதாக வந்தவர்களுக்கான ஆங்கில வகுப்பில் சேர்ந்தார். விருப்பமான ஆங்கிலப் புத்தகம் ஏதாவது வாங்கிப் படியுங்கள் என்று ரீச்சர் சொல்லிவிட்டார். பக்கத்து நூலகத்தின் வாசலில் பழைய புத்தகங்களை மேசையில் பரப்பி எல்லாவற்றுக்கும் ஒரே விலை போட்டிருந்தார்கள். ரீச்சர் மனதில் நினைத்தது படம் போட்ட குழந்தைப் புத்தகம் மாதிரி ஒன்றாக இருக்கும். அன்ரி எடுத்து வந்தது செங்கல் மாதிரி ஒன்று.

“எல்லாம் ஒரே விலை. பிறகு என்னத்துக்கு மெலிஞ்சதை எடுப்பான்? நான் என்ன விசரியோ?”

அது ஒரு சரித்திர நாவல். அட்டையில் சிவப்புப் போர்வை அணிந்த ஒருவன் வெள்ளைக் குதிரையில் இருந்தான். பழைய ரோமாபுரியில் நொடிந்துபோன ஒரு பெரிய குடும்பத்துப் பிள்ளை எப்படித் தளபதியாகி, மலை தாண்டி, ஆறு தாண்டி, நகரத்தின் அதிகாரம் முழுவதையும் தன் கைக்குள் கொண்டுவந்தான் என்பதுதான் கதை. கடைசிப் பக்கத்தில் நகரமே எழுந்து நிற்கும், அவன் படியேறிப் போவான். அதோடு முடிந்துவிடும்.

ஒரு புத்தகத்தை எப்படிப் படிப்பது என்பதில் அன்ரிக்குக் குழப்பமே இல்லை. யாழ்ப்பாணத்தில் படித்த எவருக்கும் இருக்காது. படிப்பதென்றால் பாடமாக்குவது. முதற் பக்கத்தின் முதற் சொல்லிலிருந்து தொடங்கினார். விடிந்ததும், பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளை மாதிரி, பதினோராம் மாடி நடைபாதையில் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் நடந்துகொண்டே சத்தமாக ஒப்பிப்பார். கடைசி வீட்டுச் சோமாலியப் பெண் அதை ஏதோ வழிபாடு என்று நினைத்து, தன் பிள்ளைகளுக்கு வாயில் விரல் வைத்துக் காட்டிக்கொண்டு மெதுவாகக் கடந்து போவாள். அங்கிள் வீட்டுக்குள் அகராதியோடு காத்திருப்பார். பொருள் சொல்வது அவர் வேலை. பாடம் கேட்பது என் வேலை.

மதியம் தேநீர் குடித்து முடிந்ததும் நான் புத்தகத்தைப் பிடித்துக்கொள்வேன். அன்ரி எழுந்து, சேலையைச் சரி செய்து, கைகளைக் கட்டிக்கொண்டு நிற்பார். ஒரு சொல் தவறினால் நான் எடுத்துக் கொடுப்பேன். அவர் பல்லைக் கடித்துக்கொண்டு அந்தப் பக்கத்தை மேலிருந்து மறுபடி தொடங்குவார். எனக்கும் பொழுது போயிற்று, பயமும் அந்த நேரம் ஓய்ந்து கிடந்தது. ஊரில் அம்மா என்னைப் பாடம் கேட்ட மாதிரி நான் இன்னொருவரைக் கேட்பேன் என்று கனவிலும் நினைத்ததில்லை.

இடைக்கிடை தளபதியைப் பற்றிய விமர்சனமும் நடக்கும்.

“நல்ல பொடியன். ஆனா தலைமயிர் கொட்டுது எண்டு நெடுகக் கவலைப்படுறான். நல்லெண்ணெய் வைக்கலாந்தானே?”

“உவங்கள் படுத்துக்கொண்டு சாப்பிடுறாங்கள், பிள்ளை. செமிக்குமோ?”

சில பக்கங்களைப் புரட்டித் தள்ளிவிடுவார். தளபதியின் இரண்டாம் கல்யாணத்தோடு கல்யாணப் பக்கங்களெல்லாம் தள்ளுபடி. “உதைப் பாடமாக்கி நான் ஆருக்குச் சொல்லப்போறன்?” போர்க்களத்தில் வெட்டுக்குத்து நடக்கும் பக்கங்களும் அப்படித்தான். அவை ஏன் வேண்டாம் என்று ஒரு நாள் கேட்டேன்.

“அதெல்லாம் அங்க பாத்திட்டுத்தானே வந்தனாங்கள். அதுக்கு இங்கிலிசு வேண்டாம்,” என்றார். தேநீர்க் கோப்பைகளை எடுத்துக்கொண்டு எழுந்து போனார். அன்று மேலும் பாடம் நடக்கவில்லை.

இந்த ஆங்கிலத்தால் வந்த கூத்துகள் கொஞ்சமில்லை. வகுப்பில் மாணவர்களின் தரத்தைப் பார்க்க வந்த அம்மையார், நீங்கள் எப்படிக் கனடாவுக்கு வந்தீர்கள் என்று கேட்டாராம். “கடலும் மலையும் எனக்கு வழிவிட்டன, இங்கே நிற்கிறேன்,” என்று அன்ரி சொல்ல, அந்த அம்மையார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு அவரை மேல்வகுப்பில் போட்டுவிட்டார். அங்கே செய்தித்தாள் வாசித்து விவாதம் செய்தார்கள். வட்டி வீதம், கழிவுநீர் என்று போனது பேச்சு. சில நாளிலேயே அன்ரி பழைய வகுப்புக்குத் திரும்பினார். வெட்கப்பட்டதாகத் தெரியவில்லை. பின்வாங்கவும் தெரிந்தவன்தான் தளபதி என்று புத்தகத்திலிருந்தே ஒரு வசனத்தை எடுத்து என் முகத்தில் வீசினார்.

டாக்டர் விஷயம்தான் எனக்குக் கவலை தந்தது. அன்ரிக்கு முழங்கால் நோவு. குளிர் காலத்தில் கட்டிலை விட்டு இறங்க முனகுவார். டாக்டரிடம் போனார். எப்படியிருக்கிறது கால் என்று டாக்டர் கேட்டதற்கு இவர் சொன்ன பதிலை அங்கிள்தான் எனக்குச் சொன்னார்.

“இந்தக் கால்கள் பனிமலைகளைக் கடந்தவை. இவை தளர்ந்ததாக எந்தப் பகைவனும் சொன்னதில்லை.”

டாக்டருக்கு மகா சந்தோஷம். கை குலுக்கி அனுப்பிவிட்டார். மருந்து இல்லை.

“நோகுது எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே, அன்ரி?” என்றேன்.

“உவன் ஒரு இடத்திலயும் நோகுது எண்டு சொல்லேல்லையே, பிள்ளை. சொல்லியிருந்தா நானும் சொல்லியிருப்பன்.”

அது உண்மைதான். புத்தகம் முழுவதையும் பாடம் கேட்டவள் நான். அதில் கட்டளை உண்டு, சவால் உண்டு, தோற்றவனுக்கு மன்னிப்பு வழங்குவதும் உண்டு. ஒருவரிடம் ஒன்றைக் கேட்டு வாங்கும் வசனம் மட்டும் கிடையாது. தளபதிக்கு அது தேவைப்படவில்லை. நான் அன்ரிக்குச் சின்ன வசனங்கள் கொஞ்சம் சொல்லித் தருகிறேன் என்று எத்தனையோ தரம் சொல்லிப் பார்த்தேன். ஒரேயடியாக மறுத்துவிட்டார்.

“சின்ன வசனமெல்லாம் பயத்தில ஓடிப்போயிடும், பிள்ளை. எயார்போட்டில பாத்தனான்தானே. பெரிசு எண்டால் ஓடாது. பாரம்.”

நான் புத்தகத்தைத் திறந்து விட்ட இடத்தைத் தேடினேன்.

அவருடைய பெரிய ஆங்கிலத்துக்கு உண்மையான பக்தர் ஒருவரும் இருந்தார். எங்கள் கட்டடத்தைப் பார்த்துக்கொண்ட போலந்துக்காரர். இடுப்பில் பெரிய சாவிக்கொத்தும் தலையில் ஒரு தொப்பியுமாக எப்போதும் எங்கேயாவது ஒரு குழாயோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பார். கட்டடத்தில் இரண்டு லிப்ட். ஒன்று இறந்து வெகுநாள். மற்றது நினைத்தால் வரும். என் வயிறு பெருக்கப் பெருக்க அன்ரிக்கு அந்த லிப்டின் மேல் கோபமும் பெருத்தது. ஒரு நாள் காலை அந்த மனிதரை வாசலில் மறித்தார்.

“சூரியன் எத்தனை தடவை உதித்து மறைந்துவிட்டது! நீ தந்த வாக்கு எங்கே? என் மக்கள் மாடியில் சிறைப்பட்டிருக்கிறார்கள்!”

அந்த மனிதர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார். அவரும் வயது போன பிறகு ஆங்கிலம் படித்தவர். இதுதான் படித்த பெரிய இடத்து ஆங்கிலம் என்று நினைத்துவிட்டார். பிறகு என்னைத் தனியே கண்டபோது மெல்லக் கேட்டார், இந்த அம்மா உங்கள் நாட்டில் அரச குடும்பமா என்று.

“இல்லை, கொக்குவில்,” என்று அவருடைய ஊரைச் சொன்னேன். அதுவும் ஏதோ ஓர் அரண்மனை என்று எடுத்துக்கொண்டிருப்பார் போல. அன்றிலிருந்து தினமும் லிப்ட் கம்பெனிக்குத் தொலைபேசி எடுத்துவிட்டு அன்ரியிடம் வந்து நிலவரம் சொல்லிவிட்டுப் போவார். அவர்களும் வந்து திருத்துவார்கள். அது மறுபடி படுத்துக்கொள்ளும். “உந்த லிப்டை நம்பிப் பிள்ளை பெறேலாது,” என்று அன்ரி அங்கிளிடம் சொன்னது என் காதில் விழுந்தது.

புத்தகம் முடிந்த நாளும் நினைவிருக்கிறது. கடைசிப் பக்கத்தை ஒரு பிழையும் இல்லாமல் ஒப்பித்தார். நகரம் எழுந்து நின்றது. அன்ரி உட்கார்ந்து நெற்றியைத் துடைத்துக்கொண்டார்.

“அதுக்குப் பிறகு என்ன செய்தவன்? நல்லா ஆண்டவனோ?”

பள்ளிக்கூடத்தில் சரித்திரம் படித்த பாவம், உள்ளதைச் சொல்லிவிட்டேன். “கன நாள் இல்லை, அன்ரி. கூட இருந்த ஆக்களே சபைக்குள்ள வைச்சுக் குத்திப்போட்டினம்.”

“ஆர்? உந்தத் தேன் மாதிரிக் கதைக்கிறவங்களோ? எனக்கு அப்பவே அவங்களில சந்தேகம்,” என்றார் அன்ரி. எழுந்து குளியலறைக்குப் போனார். தண்ணீர்ச் சத்தம் கேட்டது. ஈரத் தலையோடு வெளியே வந்து விளக்கேற்றினார். இரண்டாயிரம் வருடத்துக்கு முன் செத்துப்போன ஓர் அந்நியனுக்காக வோபர்னில் ஒருவர் தலை முழுகினார் என்று சொன்னால் யார் நம்புவார்கள்?

அங்கிள் என்னை நடைபாதைக்குக் கூப்பிட்டார். “ஏன் பிள்ளை சொன்னனீ? நல்ல விளைமீன் வாங்கி வைச்சனான். இண்டைக்கு இனி அடுப்பில ஏறாது,” என்றார் பரிதாபமாக.

அதற்குப் பிறகு சில வாரங்களில் என் நாள் வந்தது. ஒரு சனிக்கிழமை நண்பகல். கணவர் வேலையில். காலையிலிருந்து இடுப்பு நொந்துகொண்டிருந்தது. வெறும் வாயு என்று நினைத்துச் சோறு வடித்துக்கொண்டிருந்தேன். திடீரென்று பனிக்குடம் உடைந்தது. எதிர்க் கதவைத் தட்டினேன். அன்ரி கதவைத் திறந்து ஒரு பார்வை பார்த்தார்.

“இஞ்சருங்கோ! அம்புலன்சுக்கு அடியுங்கோ! பிள்ளையின்ர மனுசன்ர வேலையிடத்துக்கும் அடியுங்கோ!”

அங்கிளுக்கு அன்று மறுபடியும் ஆங்கிலம் பேசச் சந்தர்ப்பம் கிடைத்தது. அவர் தொலைபேசியில் விலாசம் சொல்லிக்கொண்டிருக்க, அன்ரி போய் லிப்ட் பொத்தானை அமுக்கினார். மறுபடி அமுக்கினார். கையால் அடித்தார். அது வரவில்லை.

அம்புலன்ஸ்காரர் மேலே ஏறி வரட்டும், காத்திருப்போம் என்று நான் முனகினேன். “பகைவன் வாசலுக்கு வரும்வரைக்கும் கூடாரத்துக்குள்ள இருக்கிறவன் தளபதியோ?” என்று இந்தத் தடவை தமிழிலேயே கேட்டுவிட்டு, நடைபாதையில் ஓடினார். ஒவ்வொரு கதவாக அடித்தார்.

“எழுங்கள்! வாயில்கள் திறக்கட்டும்! உங்கள் தோள்கள் எனக்கு வேண்டும்!”

கதவுகள் திறந்தன. சோமாலியப் பெண்ணின் கணவன் வந்தான். கம்ப்யூட்டர் படிக்க வந்து மறுகோடி வீட்டில் தங்கியிருந்த மதுரைப் பையன் சோற்றுக் கையோடு வந்தான். உடுப்பு அறையில் உயிர்ப்பிச்சை பெற்ற அந்த உயரமான ஜமேக்கா இளைஞன் ஒரு மாடி கீழிருந்து சத்தம் கேட்டு ஏறி வந்தான். அன்ரி தன் சமையலறை நாற்காலியில் என்னை உட்கார வைத்து, கொடியில் காய்ந்த நூல் சேலையால் நாற்காலியோடு சேர்த்துக் கட்டினார். மூவரும் தூக்கினார்கள். படிக்கட்டு தொடங்கியது.

முன்னே அன்ரி. நோகும் முழங்காலோடு ஒரு கையால் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, மறு கையை உயர்த்தி, தளபதி பனிமலையிலிருந்து படையை இறக்கும் அத்தியாயத்தை முழங்கிக்கொண்டு இறங்கினார். பின்னால் என் பையும் ஒரு போத்தல் சுடுநீருமாக அங்கிள்.

“வீரர்களே! இந்த மலைக்குக் கீழே உங்கள் நகரம் காத்திருக்கிறது! இறக்கத்துக்கு அஞ்சுபவன் இங்கேயே நிற்கட்டும்! அஞ்சாதவன்...”

“மேடம், கொஞ்சம் ஓரமா எறங்குங்க, நாற்காலிக் கால் இடிக்குது,” என்றான் மதுரைப் பையன்.

அதில் அன்ரிக்கு வசனம் தப்பிவிட்டது. நின்றார். “அஞ்சாதவன்... அஞ்சாதவன்...” என்று திணறினார். எனக்கு அப்போது ஒரு நோவு கிளம்பி உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு எடுத்துக் கொடுத்தேன்.

“அஞ்சாதவன் என் நிழலில் நடக்கட்டும்!”

“ஓம், ஓம், அதுதான்!” என்று அன்ரி துள்ளினார். அந்த நோவிலும் எனக்குச் சிரிப்பு வந்தது. ஜமேக்கா இளைஞனும் சிரித்தான். நாற்காலி ஆடியது.

கீழே போலந்துக்காரர் தொப்பியைக் கழற்றிவிட்டு வாசல் கதவை முதுகால் தள்ளிப் பிடித்துக்கொண்டு நின்றார். அம்புலன்ஸ் அப்போதுதான் வந்து நின்றது. என்னைப் படுக்கையில் மாற்றினார்கள். அதுவரை மறந்திருந்த பயம் அந்த வண்டியின் திறந்த கதவைக் கண்டதும் என்னைப் பிடித்துக்கொண்டது. உள்ளே வெள்ளை வெளிச்சம். தெரியாத முகங்கள். நான் அன்ரியின் ஸ்வெற்றரின் நுனியை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

அம்புலன்ஸ் பெண் அதைக் கவனித்தாள். கண்டிப்பான குரல். குடும்பத்தவர் ஒருவர் மட்டும்தான் கூட வரலாம் என்றாள். அன்ரியைப் பார்த்து, “நீங்கள் இவருக்கு யார்?” என்று கேட்டாள்.

என் மனம் அந்த நோவிலும் புத்தகத்தைப் பக்கம் பக்கமாகப் புரட்டியது. ஆற்றங்கரைப் பேச்சு, சபைப் பேச்சு, தோற்றவர்களுக்குச் சொன்ன பேச்சு. ஒன்றும் உதவாது. நான் இந்தப் படையின் தளபதி என்று அன்ரி சொன்னால், இந்தப் பெண் சிரித்துவிட்டுக் கதவைச் சாத்திவிடுவாள். நானும் சொல்லியிருக்கலாம், அந்த நேரம் மூச்சு வரவில்லை. அங்கிள் வாயைத் திறந்தார். அன்ரி அவரைக் கையால் மறித்தார்.

உயர்த்திய கை கீழே வந்தது. விமான நிலையத்தில் எப்படி நின்றிருப்பார் என்று நான் அன்று கண்டேன். பிறகு, இத்தனை மாதமும் நான் கேட்டிராத ஒரு சின்னக் குரலில், உடைந்த ஆங்கிலத்தில் சொன்னார்.

“பிளீஸ். நான் அம்மா. இது என் மகள்.”

அந்த வசனம் புத்தகத்தில் இல்லை.

அந்தப் பெண் வேறொன்றும் கேட்கவில்லை. கை கொடுத்து அன்ரியை வண்டிக்குள் ஏற்றினாள். கதவு மூடும்போது போலந்துக்காரர் தொப்பியை நெஞ்சில் வைத்துக்கொண்டு நிற்பது தெரிந்தது.

ஆஸ்பத்திரிக்குப் போனதும் தளபதி திரும்பி வந்துவிட்டார். சற்று வெளியே இருங்கள் என்று சொன்ன நேர்ஸைப் பார்த்து, “என் கூடாரத்துக்குள் நுழைய எனக்கே தடையா?” என்று கேட்டார். நேர்ஸ் சிரித்துக்கொண்டே அவருக்கும் ஒரு பச்சை அங்கி கொண்டுவந்து கொடுத்தாள். அதைச் சேலைக்கு மேல் போட்டுக்கொண்டு என் தலைமாட்டில் நின்றார். என் கையை அவர் விடவில்லை. என் பாட்டுக்கு நான் கத்தினேன். அவரும் கூடவே கத்தினார். பின்னேரம் மகள் பிறந்தாள். மூக்குச் சளி இல்லை. அன்ரி அதை முதலில் சோதித்துப் பார்த்தார்.

அடுத்த வருடம் அவர்கள் மகனோடு இருக்க மொன்றியலுக்குப் போய்விட்டார்கள். அங்கே பிரெஞ்சு. அதற்கு எந்தத் தடித்த புத்தகத்தை எடுத்தாரோ தெரியாது. என் மகள் இப்போது என்னைவிட உயரம். ஆனால் அன்ரியை நினைக்கும்போதெல்லாம் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்தப் பின்னேரம்தான்.

கணவர் வேலைச் சப்பாத்தோடு மூச்சு வாங்க ஓடி வந்தார். குழந்தையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், அழுதார், சிரித்தார். பிறகு முகத்தில் ஒரு குழப்பம். குனிந்து என் காதில் கேட்டார்.

“வாசல்ல நேர்ஸ் சொல்லுறா, உங்கட மாமியும் உள்ளுக்க இருக்கிறா எண்டு. எந்த மாமி, உம்மட அம்மாவோ? யாழ்ப்பாணத்தில இருந்து ஆரும் வரேலாதே. எப்ப வந்தவ?”

ஜன்னலோரத்து நாற்காலியில் அன்ரி பச்சை அங்கியோடு, நோகும் காலை இன்னொரு நாற்காலியில் நீட்டி, வாயைத் திறந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தார்.

“சத்தம் போடாதேங்கோ, அவ நித்திரை,” என்றேன். “மத்தியானம் வந்தவ.”